ஹார்லன் விட்கம் பார்த்த படம்

உலக சினிமாவின் வரலாற்றை எழுதிக்கொண்டிருப்பவர்கள் எல்லோரும் பேனாவைச் சற்றுக் கீழே வைத்துவிட்டு இதைக் கவனிக்கும்படி பணிவோடு வேண்டப்படுகிறார்கள். இரண்டாயிரத்து ஐந்தாம் ஆண்டு நவம்பர் மாதம், ஒஸ்லோவின் கிழக்கே ட்வெய்ட்டா அடுக்குமாடியில் வசித்த கலைஞர் சிவானந்தன் அவர்களும், அமெரிக்காவில் நடிகராகத் தோன்றி இயக்குநராக மலர்ந்த ஹார்லன் விட்கம் அவர்களும் நேருக்கு நேர் சந்தித்துக்கொண்டார்கள். எந்தப் பத்திரிகையும் இதை வெளியிடவில்லை. அது பத்திரிகைகளின் குற்றம்.

விட்கம் யார் என்று கேட்பவர்கள் வெட்கப்படத் தேவையில்லை. அமெரிக்காவிலேயே முக்கால்வாசிப் பேர் அப்படித்தான் கேட்பார்கள். அவர் இருபது வருடம் நடித்தார். எல்லாம் கதை சூடுபிடிக்கும் முன்பே செத்துப்போகிற வேடங்கள். குதிரையிலிருந்து விழுந்து செத்திருக்கிறார். வங்கிக் கொள்ளைக்குக் குறுக்கே போய்ச் செத்திருக்கிறார். ஒரு தொலைக்காட்சித் தொடரில் தேள் கடித்துச் செத்திருக்கிறார். ஒருநாள் வெள்ளைத் துணிக்கு அடியில் பிணமாகப் படுத்திருந்தபோது, வெளியே இயக்குநர் தொண்டை கிழியக் கத்துவது கேட்டதாம். கத்தாமலும் இந்த வேலையைச் செய்யலாமே என்று பிணத்துக்குத் தோன்றியதாம். எழுந்து போய் இயக்குநரானார். அதன்பிறகு அவர் எடுத்த படங்களில் யாரும் சாகவில்லை, யாரும் கத்தவில்லை, பெரும்பாலும் எதுவுமே நடக்கவில்லை. விமர்சகர்கள் ஒவ்வொரு படத்தையும் முந்தியதைவிட உயரத்தில் தூக்கி வைத்தார்கள். சனங்கள் ஒவ்வொரு படத்துக்கும் முந்தியதைவிடக் குறைவாக வந்தார்கள்.

இந்தப் பிணம் எழுந்த கதையை ஒரு நோர்வேஜியப் பத்திரிகையில் வாசித்த அன்று சிவானந்தன் தன்னுடைய வாழ்க்கையைப் புரிந்துகொண்டார். ஒஸ்லோத் தமிழ் மேடைகளில் அவருடைய நிலைமையும் அதுதான். சரித்திர நாடகம் என்றால் மூன்றாம் காவலாளி. முதல் காட்சியிலேயே வாள் பாயும். மிச்ச நேரம் திரை இழுக்க வேண்டும். சமூக நாடகம் என்றால் கடிதம் கொண்டு வருகிறவர். அவரும் எழுந்தார். கமெரா ஏற்கெனவே கையில் இருந்தது. கிழமை நாட்களில் முதியோர் இல்லச் சமையலறையில் பாத்திரம் கழுவினாலும், சனி ஞாயிறுகளில் அவர் ‘சிவம் வீடியோ’. ஒஸ்லோவில் நடந்த கலியாணங்களிலும் பெண்பிள்ளைகள் பெரியவளாகும் சாமத்தியச் சடங்குகளிலும் பாதி அவருடைய முக்காலிக் கமெராவுக்கு முன்னால் நடந்தவை.

அவர் எடுத்த காவியத்தின் பெயர் ‘அந்தமற்ற வெண்மை’. பனிக்குள் ஒரு மனிதன் பஸ் தரிப்பிடத்தில் காத்திருக்கிறான். பஸ் வராது. பதினெட்டு நிமிடம். எழுத்து, நடிப்பு, ஒளிப்பதிவு, இயக்கம், பனி தவிர எல்லாம் சிவானந்தன்.

அதை இதுவரை ஒருவரும் முடிவு வரை பார்க்கவில்லை. தமிழ்ச் சங்கத்தின் ஒளிவிழாவில் போட்டபோது, அது எந்தத் தரிப்பிடம் என்பதில் சபை இரண்டாகப் பிரிந்தது. ட்வெய்ட்டாவா, அடுத்ததா என்ற விவாதம் சூடேறிக்கொண்டிருக்கையில் தின்ன ரோல்ஸ் வந்துவிட்டது. பேர்கன் நகர ஆஸ்பத்திரியில் தற்காலிகமாக வேலை கிடைத்துப் போய் ஆறு வருடமாகத் தற்காலிகமாகவே அங்கிருக்கும் மனைவி யோகாம்பாளுக்கு ஒரு பிரதி அனுப்பினார். அவள் போனில் நீளமோ என்று கேட்டாள். இல்லை என்றார். அப்ப வாற சனிக்கிழமை பார்க்கிறன் என்றாள். அதற்குப் பிறகு நிறையச் சனிக்கிழமைகள் வந்துபோயின.

இந்த நிலைமையில்தான் விட்கமின் படங்களை நகரத்துத் திரைப்பட மாளிகையில் காட்டப்போவதாகவும், அவரே வருவதாகவும் அறிவித்தல் வந்தது. சிவானந்தன் கோட் சூட் போட்டுக்கொண்டு போனார். பெரிய மண்டபம். ஆட்களைத் தேடித்தான் பார்க்க வேண்டியிருந்தது. முன் வரிசையில் ஒரு கிழவர் குளிருக்கு ஒதுங்கி நித்திரையாக இருந்தார். படம் முடிந்ததும் மேடையில் ஒரு கதிரையில் விட்கம் உட்கார்ந்தார். மெலிந்த நெடிய மனிதர், எழுபது இருக்கும். கேள்வி உண்டா என்று கேட்டார்கள். சிவானந்தன் கை தூக்கினார். வேறு கை எழும்பாததால் இரண்டாவது கேள்வியும் அவருடையதாயிற்று, மூன்றாவதும்.

வெளியே கோட் மாட்டும் இடத்தில் விட்கம் தனியாக நின்றார். அவரைக் கவனிக்க விட்டிருந்த பெண், தன் மகனைப் பிள்ளைகள் காப்பகத்திலிருந்து கூட்டிவர ஓடிவிட்டாள். சிவானந்தன் தன் படத்தின் டிவிடி இறுவட்டை இரண்டு கையாலும் நீட்டினார். தனக்குத் தெரிந்த ஆங்கிலம் முழுவதையும் திரட்டி, இது தனிமையைப் பற்றிய படம், கடைசி வரை யாரும் வரமாட்டார்கள் என்று சொன்னார். விட்கம் உறையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஹோட்டலில் இரவுக்குத் தனக்கு ஒரு வேலையும் இல்லை, மடிக்கணினி இருக்கிறது, கட்டாயம் பார்ப்பேன் என்றார். மனிதர் பொய் சொல்லவில்லை. அங்கேதான் வினை வந்தது.

மறுநாள் காலை சிவானந்தன் தேநீர் ஊற்றிக்கொண்டிருக்கையில் பாக்கியராசா போன் எடுத்தார். போன மாதம் அவருடைய மகள் மயூராவின் சாமத்தியச் சடங்கைப் படம்பிடித்தவர் சிவானந்தன்தான். இறுவட்டு முந்தாநாள்தான் கைமாறியிருந்தது.

“சிவண்ணை, இதென்ன வேலை? பிள்ளையின்ர சடங்கெண்டு ஆக்களைக் கூப்பிட்டு இருத்திப்போட்டுப் படத்தைப் போட்டால், நீங்கள் பஸ் ஸ்ரொப்பிலை நிக்கிறியள்.”

சிவானந்தன் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார். இறுவட்டில் எழுதினால் அது பழுதாகிவிடும் என்று எவரோ சொன்னதை நம்பி, அவர் எந்தத் தட்டிலும் ஒரு எழுத்தும் எழுதுவதில்லை. பெயரெல்லாம் உறையில்தான். தட்டுகள் எல்லாம் ஒரே வெள்ளை. பாக்கியராசாவிடம் பஸ் தரிப்பிடம் இருந்தால், அமெரிக்கரிடம் இருப்பது என்ன என்பதை அவர் விளங்கிக்கொள்ளக் கனநேரம் எடுக்கவில்லை. ஆனாலும் கலைஞன் கலைஞன்தான்.

“எவ்வளவு தூரம் பார்த்தனீங்கள்?” என்று கேட்டார்.

“நீங்கள் மூக்குத் துடைக்கிற வரைக்கும்.”

“அது அழுகிற இடம், பாக்கியம்.”

“அப்பிடியே? தடிமனாக்கும் எண்டு மனுசி சொன்னவ. சரி, எங்கட கொப்பியை எப்ப தருவியள்?”

வேலைபார்க்கும் சமையலறைக்குப் போன் போட்டுத் தனக்குச் சுகமில்லை என்று சொல்லிவிட்டு, சரியான தட்டை மூன்று முறை போட்டுப் பார்த்து உறுதிசெய்து, கோட்டின் உட்பையில் வைத்துக்கொண்டு சுரங்க ரயிலில் நகரத்துக்குப் போனார். வழி முழுக்க அவர் கண்ணுக்குள் சடங்கு வீடியோ ஓடியது. மூன்று மணி நேரத்துக்கு மேலே. சோடி சோடியாகப் பெண்கள் வந்து ஆலாத்தி எடுப்பார்கள். குடும்பம் குடும்பமாக ஏறி, பிள்ளையின் கையில் என்வலப் வைத்து, கமெராவைப் பார்த்து நிற்பார்கள். இடையிடையே, பாக்கியராசா விரும்பிக் கேட்டபடி, ரோசாப்பூ விரிந்து அதற்குள்ளிருந்து மயூராவின் முகம் வரும். இரண்டு அன்னங்கள் திரையின் குறுக்கே நீந்தும். இதயங்கள் பொழியும். ஹார்லன் விட்கம் இதைப் பார்த்திருந்தால், நோர்வே வாழ் தமிழ்க் கலையின் கதை அத்தோடு முடிந்தது.

விட்கம் ஹோட்டல் முன்கூடத்தில் பெட்டியோடு இருந்தார். விமான நிலைய ரயிலுக்கு நேரம் இருந்தது. வழியனுப்ப ஆள் இருக்கவில்லை. சிவானந்தனைக் கண்டதும் எழுந்து வந்து, கையைப் பிடித்துக்கொண்டார். சிவானந்தன் மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தார்.

“முழுவதும் பார்த்தேன்” என்றார் விட்கம். “ஒரு பகுதியைத் திரும்பவும் பார்த்தேன்.”

சிவானந்தன் வாயை மூடினார்.

யாரும் வரமாட்டார்கள் என்று நீங்கள் சொன்னீர்கள், முந்நூறு பேர் வந்துகொண்டே இருந்தார்கள், தட்டு மாறிவிட்டதோ என்றுகூட முதலில் நினைத்தேன் என்றார் விட்கம். பிறகுதான் புரிந்ததாம். அத்தனை பேரும் அந்தப் பெண்ணுக்குப் பக்கத்தில் வந்து நிற்கிறார்கள், ஒருவர்கூட அவளோடு கதைக்கவில்லை. எல்லோரும் கமெராவைத்தான் பார்க்கிறார்கள். அந்த அன்னங்களைப் பற்றித் தனியாகச் சொன்னார். அப்படியொரு முகத்துக்குக் குறுக்கே அன்னங்களை நீந்த விடுகிற கொடூரமான கிண்டல் தன் கையால் ஆகாது என்றார். அந்த அன்னங்கள் கணினியோடு இலவசமாக வந்தவை என்று சொல்லச் சிவானந்தனுக்கு மனம் வரவில்லை.

அவர் உட்பையைத் தொட்டுப் பார்த்தார். அங்கே பதினெட்டு நிமிடம், அவருடைய முழு உயிரும், இருந்தது. இப்போது எடுத்து நீட்டினால் போதும். இந்த மனிதர் பார்ப்பார். முடிவு வரை பார்க்கக்கூடிய ஒரே ஆள் உலகத்திலேயே இவர்தான். பார்த்துவிட்டு, மூக்குத் துடைக்கிற இடத்தில் என்ன நினைப்பார்?

“வேறு படம் எடுத்திருக்கிறீர்களா?” என்று விட்கமே கேட்டார்.

“இல்லை” என்றார் சிவானந்தன். “இது ஒன்றுதான்.”

பெட்டியை உருட்டிக்கொண்டு இருவரும் நிலையத்துக்கு நடந்தார்கள். மழையா பனியா என்று தீர்மானிக்காத ஏதோ ஒன்று பெய்தது. ரயில் மேடையில் நின்றபோது, தான் திரும்பவும் பார்த்த அந்தப் பகுதிக்கு விட்கம் வந்தார். மண்டபம் வெறிச்சோடிவிடுகிறது. சிம்மாசனத்தில் பெண் மட்டும். கமெரா அசையாது.

“இருபது வருடம் நடித்தேன். அதனால் கமெராவுக்குப் பின்னால் நின்றாலும் என்னால் சும்மா நிற்க முடியாது. நடிகையைப் பார்த்துத் தலையாட்டுவேன், சிரிப்பேன், ஏதாவது உதவுவேன். ஒருத்தியைத் தனியாக விட எனக்கு இன்னும் தெரியவில்லை. நீங்கள் மூச்சுக்கூட விடவில்லை. எப்படித் தாங்கினீர்கள்?”

சிவானந்தன் தண்டவாளத்தைப் பார்த்தார்.

“கஷ்டமாகத்தான் இருந்தது” என்றார்.

ரயில் வந்தது. விட்கம் ஏறி, யன்னல் ஓரம் இருந்து, கையசைத்தார். ரயில் நகரும் வரை இருவரும் கையை இறக்கவில்லை. இறக்கினால் அடுத்துச் சந்திக்க இருவருக்கும் ஒருவரும் இருக்கவில்லை.

ட்வெய்ட்டாவுக்குத் திரும்பியபோது மூன்றரை மணிதான், ஆனாலும் இருட்டிவிட்டது. கோட்டைக்கூடக் கழற்றாமல் பாக்கியராசாவுக்கான பிரதிக்கு மூலத்தைப் போட்டு, விட்கம் சொன்ன இடத்துக்கு ஓடவிட்டார். வீடியோவை வெட்டித் தொகுக்கும்போது அவர் அதைப் பார்த்ததில்லை. அப்படியே விட்டால் நேரம் நிரம்பும் என்று விட்டிருந்தார்.

‘சாப்பாடு தயார்’ என்று ஒலிவாங்கியில் யாரோ சொல்கிறார்கள். மேடை காலியாகிறது. தாயும் போய்விடுகிறாள். அடுத்த சேலை மாற்ற ஆள் வரும்வரை அசையக்கூடாது என்று சொல்லிவிட்டுப் போயிருக்க வேண்டும், மயூரா அசையவில்லை. தலையில் இருக்கும் பாரத்தால் கழுத்து மட்டும் கொஞ்சம் சரிகிறது. காதுக்குப் பின்னால் ஒரு விரலை விட்டுச் சொறிகிறாள். நிலத்துக்கு எட்டாத கால்களைச் சேலைக்குள் ஆட்டுகிறாள். மடியிலிருந்த என்வலப்புகளை அடுக்குகிறாள், பிறகு கலைக்கிறாள். கடைசியில் நிமிர்ந்து நேராகக் கமெராவைப் பார்க்கிறாள். முக்காலிக்குப் பின்னால் சிவம் மாமா நிற்கிறார் என்று நினைத்து, மெல்லச் சிரித்து, கையை அரைவாசி தூக்கி அசைக்கிறாள். பதில் வராதபடியால் கையை மடியில் வைத்துவிடுகிறாள்.

சிவானந்தன் நிறுத்தினார். பின்னோக்கி ஓட்டி மறுபடியும் பார்த்தார். பிள்ளை மறுபடியும் கையசைத்தாள். இந்தக் காட்சியை எடுத்த அந்த நாலு நிமிடத்தில் தன் மனதில் என்ன ஓடியது, எப்படித் தாங்கினோம் என்று கண்ணை மூடி யோசித்தார். கனநேரம் யோசித்தபின் ஞாபகம் வந்தது.

வடை முடிந்துவிடும் என்று அவர் சாப்பாட்டு வரிசையில் நின்றிருந்தார்.