இடுக்கியின் தொன்மை குறித்து

1

நெருப்பை அடக்கிய முதல் மனிதனின் கையில் இருந்தது வாள் அல்ல, இடுக்கி.

இந்த வாக்கியத்தை எழுதிவிட்டு வெகுநேரம் ரசித்தேன். மாதனூர் இலக்கிய வட்டத்தின் ஆண்டு மலருக்கு, ஒரு சமையலறைச் சொல்லின் தொன்மை பற்றிக் கட்டுரை கேட்டிருந்தார் தலைவர் ரத்தினசாமி. கட்டுரையாகத்தான் தொடங்கினேன். அது கதையாகக் கெட்டுப்போன விதம் கீழே.

2

இடுக்குவது இடுக்கி. (சொல்லாராய்ச்சி இத்தோடு முடிந்துவிட்டது. மலரில் எனக்கு நான்கு பக்கம்.) குடையைக் கக்கத்தில் இடுக்குகிறோம், குழந்தையை இடுப்பில் இடுக்குகிறோம், ஆகவே தமிழரின் தாய்மையும் மழைக்காலமும் இக்கருவியில்

வேண்டாம், விட்டுவிடுகிறேன்.

அப்போதுதான் எங்கள் வீட்டு இடுக்கியைக் கவனித்தேன். கரியேறிய பிடியில் புள்ளி புள்ளியாக ஏதோ எழுத்து. படமெடுத்து அனுப்பினேன். ரத்தினசாமி தழுதழுத்தார். அகழாய்வில் கிடைத்த பானைக் கீறல்களுக்கே இது மூத்தது, அட்டையில் போடுகிறேன் என்றார். போட்டும்விட்டார்.

3

இங்கே ஒரு பாத்திரம் தேவை. தேவகி, என் மனைவி, ஆம்பூர் ஷூ கம்பெனியில் தையல் பிரிவு. முதல் வரைவில் அவளைப் பொறுமைசாலியாக எழுதினேன், நம்பும்படி இல்லை.

கம்பெனி பஸ் தெருமுனைக்கு வரும் நேரம். இனி லேட்டானால் வரவே வேண்டாம் என்று சூப்பர்வைசர் சொல்லியிருந்தார். அடுப்பில் சோறு கொதித்தது. வடிக்க இடுக்கி இல்லை. அது என் மேசைமேல், பூதக்கண்ணாடிக்குக் கீழே.

"ஏங்க, இடுக்கி எங்க?"

"அதப் பத்திதான் எழுதிட்டிருக்கேன்."

"எழுதுறது இருக்கட்டும். சோறு குழையுது."

வரலாற்றுச் சான்றை அடுப்பங்கரைக்கு அனுப்ப எனக்கு மனம் வரவில்லை. தேவகி பக்கத்து வீட்டு அஃப்ரோஸிடம் சுவருக்கு மேலாக இடுக்கி கேட்டாள். அஃப்ரோஸ் வெறுங்கையோடு வந்து, நேராக என் மேசையிலிருந்து அதை எடுத்தார்.

"இன்னாண்ணா, இது எங்களுது. ரம்ஜானுக்கு பிரியாணி சட்டியோட வந்துச்சு. சட்டி மட்டும் திரும்பி வந்துச்சு. இதோ பாருங்க, எம் பேரு. கல்யாணத்துக்கு அம்மா உருதுல வெட்டிக் குடுத்தது."

சோற்றை வடித்துக் கொடுத்துவிட்டு, சான்றையும் எடுத்துக்கொண்டு போனார். தேவகி டிபன் பாக்ஸைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடினாள்.

4

பஸ் நின்றதா, போய்விட்டதா? இரண்டையும் எழுதிப் பார்த்தேன். நின்றது என்றால் டிரைவருக்கு இல்லாத இரக்கத்தைக் கொடுக்க வேண்டியிருக்கிறது. போய்விட்டது என்றால் எனக்கு இல்லாத குற்றவுணர்ச்சியை. நீங்களே ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள். தேவகி வந்தால் தெரிந்துவிடும். அதற்குள் கதையை முடித்துவிடப் பார்க்கிறேன்.

மலரின் அட்டையில் அஃப்ரோஸின் பெயர் அச்சாகியிருக்கிறது. தலைகீழாக.