தங்கம்மாள் பேச மறுத்த வசனம்

1

நன்னிலம் பஸ்ஸில் முன் சீட்டுக்காரம்மா போனில், "படத்துலகூட நான் அப்படிச் சொல்லமாட்டேன்" என்றார். எதை என்று தெரிவதற்குள் இறங்கிவிட்டார். அதனால் மீதியை நான் எழுத வேண்டியிருக்கிறது.

காவிரித் தண்ணீர் கடைமடைக்கு வந்த அன்று...

(வேண்டாம். எல்லாரும் தண்ணீரில்தான் தொடங்குகிறார்கள்.)

2

மலர்க்கொடி கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டே இரண்டு ஆவணப்படங்கள் முடித்தவள். இரண்டாவது படம் தங்கம்மாளைப் பற்றியது. எழுத்தில்லாத வாய்மொழிக் குத்தகையில் வெகுகாலமாகப் பயிர் செய்கிறவர். நிலக்காரர் வெளியேற்றப் பார்த்தபோது, தங்கம்மாள் நடவு நடும் அந்தப் படத்தைத்தான் அவருடைய வக்கீல் கோர்ட்டில் சாட்சியாகப் போட்டுக் காட்டினார். தீர்ப்பு இன்னும் வரவில்லை.

இப்போது மலர்க்கொடி முதல் கதைப்படம் எடுக்கிறாள். நாயகி செல்லம்மா; நடிப்பவர் தங்கம்மாளேதான். கடைசிக் காட்சி, விளைந்த வயல். வரப்போரம் அறுப்பு மிஷின் காத்திருக்கிறது. அறுத்துவிட்டால் காட்சி போச்சு. வசனம் ஒன்றே ஒன்று: "நிலத்த நானே விட்டுட்டேன்."

3

"இத நான் சொல்லமாட்டேன் பாப்பா."

"அக்கா, இது கதை. இதுல நீங்க செல்லம்மா."

"மூஞ்சி யாருது?"

மலர்க்கொடி வசனத் தாளைப் பார்த்தாள்.

"அந்தப் படத்துல நான் நட்டத கோர்ட்டுல நெசம்னு காட்டுனீங்க. இது மட்டும் பொய்னு ஜட்ஜய்யாவுக்கு யாரு சொல்லுவா? நீ வருவியா?"

"வருவேங்க்கா."

"நீ எங்கயாவது அவார்டு வாங்கப் போயிருப்ப."

கேமராவில் இருந்த சேரன் சிரித்துவிட்டான். மலர்க்கொடி திரும்பியதும் லென்ஸைத் துடைத்தான்.

(இங்கே 'அவள் கண் கலங்கியது' என்று எழுதி அடித்தேன். அவள் அந்த ரகமில்லை.)

"மேடம், அடுத்த வயலுக்குப் போவணும்" என்றார் மிஷின் டிரைவர்.

4

முடிவு ஒன்று: வேறு ஆளை வைத்து டப்பிங். முகம் அவருடையதுதானே? தள்ளுபடி.

முடிவு இரண்டு: காட்சியே இல்லாமல் படத்தை முடிப்பது. மலர்க்கொடி ஒத்துக்கொள்ளமாட்டாள். இந்த ஒரு காட்சிக்காகத்தான் மற்றதையெல்லாம் எடுத்தாள்.

முடிவு மூன்று: அவள் வசனத் தாளை மடித்துப் பைக்குள் வைத்தாள். "கேமரா ஓடட்டும் சேரா. அக்கா, உங்களுக்கு என்ன சொல்லணும்னு தோணுதோ அதச் சொல்லுங்க. படத்த நான் அதுக்கேத்த மாதிரி மாத்திக்கிறேன்."

தங்கம்மாள் சேலையை இழுத்துச் சொருகிக்கொண்டு வயலில் இறங்கினார். "செல்லம்மாவா சொல்லவா, நானாவே சொல்லவா?"

மலர்க்கொடி சொன்ன பதில்...

மூன்று முறை எழுதினேன். மூன்றும் சரியில்லை. நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள், கதைப்படமோ ஆவணப்படமோ, உங்கள் விருப்பம். நிலத்தை விட்டதாக மட்டும் எழுதிவிடாதீர்கள். இதையும் யாராவது கோர்ட்டில் படித்துக் காட்டலாம்.