பல்லவிக்கு முன்னால் ஒரு ‘ஹா’

அந்தப் பாட்டு வெளியான வாரம், ஸ்டாக்ஹோம் பத்திரிகை ஒன்றில் ஒரு விமர்சகர் எழுதியிருந்தார். பல்லவிக்கு முன்னால் அதைப் பாடிய பெண் விடுகிற ‘ஹா’ என்ற மூச்சு, பதின்வயதுப் பிள்ளைகளின் பாக்கெட் காசைக் கறப்பதற்காகவே அளந்து வெட்டி ஒட்டப்பட்டதாம். மனிதருக்கு என்ன கோபமோ. நேரில் பார்த்தால் அவரை உட்காரவைத்து ஒரு காபி வாங்கிக் கொடுத்து இந்தக் கதையைச் சொல்வேன்.

என் பெயர் மரிகா. ஸ்டாக்ஹோமிலிருந்து ஃபின்லாந்துக்குப் போகிற கப்பலில், நடன இசைக்குழு ஒன்றில் பாடுகிறேன். என் கணவர் ரோலண்ட் அதே குழுவில் பேஸ் கிட்டார் வாசிக்கிறார். கரையில் இருக்கும் நாட்களில் ஹோகனின் ஸ்டுடியோவுக்குப் போய் டெமோ பாடிக் கொடுப்பேன். ஹோகன் மெட்டுப் போடுவான். அமெரிக்காவிலிருந்து பதினாறு, பதினேழு வயதில் ஒரு பெண் வந்து பாடுவாள். எப்படிப் பாட வேண்டும் என்று அவளுக்குக் காட்ட, நான் முன்கூட்டியே பாடி வைக்க வேண்டும். டெமோவில் என்ன இருக்கிறதோ அது இம்மி பிசகாமல் ரெக்கார்டிலும் வந்தாக வேண்டும் என்பது ஹோகனின் சட்டம். இழுப்பு, குழைவு, மூச்சு வாங்குகிற இடம், எல்லாம். அந்தப் பெண்கள் என்னைப் பார்த்துப் பாடினார்கள், உலகம் அவர்களைப் பார்த்துப் பாடியது. எனக்கு அதில் மனக்குறை கிடையாது. கப்பலில் நள்ளிரவுக்கு மேல் என் பாட்டைக் கேட்கிறவர்கள் எவரும் நிதானத்தில் இருப்பதில்லை.

போன வருடம் ஏப்ரலில் எனக்கு ஏழாம் மாதம். அதற்கு முன்னால் வயிற்றில் தங்காமல் போனவை உண்டு. அதைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை. ஒரு நாள் காலையில் எழுந்ததிலிருந்து பிள்ளை அசையவில்லை. நான் பல் தேய்க்கும்போதே உதைக்க ஆரம்பிக்கிற பிள்ளை அது. மருத்துவச்சிக்குப் போன் செய்தேன். ஜில்லென்று எதையாவது குடித்துவிட்டு ஒருக்களித்துப் படுங்கள், ஒரு மணி நேரத்தில் அசைவு தெரியாவிட்டால் உடனே கிளம்பி வாருங்கள் என்றாள். ரோலண்ட் நடுக்கடலில் இருந்தார். வீட்டில் தனியாகக் கிடந்தால் பைத்தியம் பிடித்துவிடும் போலிருந்தது. ஹோகனின் ஸ்டுடியோ ஆஸ்பத்திரிக்குப் போகிற வழியில்தான். அங்கே ஒரு சோபாவும் உண்டு.

அங்கே போய் ஜூஸைக் குடித்தேன், சோபாவில் படுத்தேன். மணி ஓடியது. வயிறு கல் மாதிரி கிடந்தது. டாக்சிக்குச் சொன்னேன். களைப்பாக இருக்கிறது, கிளம்புகிறேன் என்று மட்டும் ஹோகனிடம் சொன்னேன். வாய்விட்டுச் சொன்னால் அது உண்மையாகிவிடுமோ என்று பயம். அவனும் கேட்கவில்லை. எங்கள் ஊரில் யாரும் யாரையும் கேட்பதில்லை, அதற்கு மரியாதை என்று பெயர். டாக்சி வருகிற வரைக்கும் சும்மா நின்றபடி ஒரு தடவை பாடிவிட முடியுமா என்று மட்டும் கேட்டான்.

பாடினேன். சும்மா உட்கார்ந்திருந்தால் வயிற்றையே கேட்டுக்கொண்டிருக்க வேண்டுமே. அசட்டுப் பாட்டுதான். என்னைப் பிடித்திருக்கிறதா இல்லையா, சனிக்கிழமைக்குள் சொல்லிவிடு என்று ஒரு பெண் ஒரு பையனைக் கெஞ்சுகிற பாட்டு. சொல்லிவிடு, சொல்லிவிடு என்று நான் பாடியது எந்தப் பையனையும் பார்த்து அல்ல. பல்லவியைத் தொடுவதற்குச் சற்று முன்னால், விலா எலும்புக்குக் கீழே ஓங்கி ஓர் உதை விழுந்தது. ‘ஹா’ என்றேன். பிறகு அழுதுகொண்டே பல்லவியை முழுதாகப் பாடி முடித்தேன். வெளியே டாக்சிக்காரன் ஹார்ன் அடித்தான். ஆஸ்பத்திரியில் பிள்ளையின் இதயச் சத்தத்தைக் கேட்க வைத்தார்கள். தையல் மிஷின் ஓடுகிற மாதிரி ஓடிக்கொண்டிருந்தது.

ஹோகன் அந்தப் பதிவையே அமெரிக்காவுக்கு அனுப்பிவிட்டான். அந்த மூச்சு பிரமாதம், எங்கே கற்றுக்கொண்டாய் என்று போனில் கேட்டான். தானாக வந்தது என்றேன்.

வில்யா ஜூனில் பிறந்தாள். டிசம்பர் தொடக்கத்தில் கெல்ஸி என்ற பெண் பாட வந்தாள். கென்டக்கிக்காரி, பதினாறு வயது, நல்ல குரல். கூடவே ரெக்கார்டு கம்பெனி ஆள் ஒருவர். எல்லா வரியும் வந்துவிட்டது, ‘ஹா’ மட்டும் வரவில்லை. ஒரு தடவை விக்கல் மாதிரி வந்தது. ஒரு தடவை எலியைப் பார்த்தவள் மாதிரி. அந்த இடத்தை வெட்டி எறியுங்கள் என்று கம்பெனி ஆள் சொல்லிவிட்டார். ஹோகன் போன் செய்து, வந்து அவளுக்குச் சொல்லிக்கொடு என்றான்.

பிள்ளையைத் தள்ளுவண்டியில் போட்டுக்கொண்டு பனியில் ஓடினேன். அந்த ‘ஹா’ போனால் பாட்டுக்கு ஒரு நஷ்டமும் இல்லை. எனக்குத்தான். என் பிள்ளை உயிரோடிருக்கிறாள் என்று தெரிந்த நொடி அது, அதை ஒரு குப்பைக்கூடையில் போடுவதை என்னால் தாங்க முடியாது. மைக் முன்னால் நின்று பாடிக் காட்டினேன். எனக்கே வரவில்லை. கம்பெனி ஆள் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். இன்னும் ஒரு மணி நேரம், அதற்கு மேல் இந்த மூச்சுக்காக உட்கார முடியாது என்றார்.

சமையலறையில் கெல்ஸி, டிசம்பரில் இங்கே எல்லோரும் சுடுகிற குங்குமப்பூ பன்னிலிருந்த திராட்சையைப் பிடுங்கித் தின்றுகொண்டிருந்தாள். என்னை நிமிர்ந்து பார்த்தாள்.

“மேடம், அந்த இடத்துல உங்களுக்கு என்ன ஆச்சு?”

ஏப்ரலிலிருந்து யாரும் கேட்காத கேள்வி. எனக்குத் தெரிந்த இங்கிலீஷில் எல்லாவற்றையும் சொன்னேன். காபி ஊற்றிக்கொண்டிருந்த ஹோகன் அப்படியே நின்றுவிட்டான்.

“எங்கிட்ட சொல்லவே இல்லியே நீ.”

“நீ கேக்கவே இல்லியேடா.”

கெல்ஸி வண்டியிலிருந்த வில்யாவையே பார்த்தாள். அவளுக்குத் தம்பி தங்கைகள் ஒரு கூட்டமே உண்டாம். கேட்காமலே தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்ட விதத்தில் அது தெரிந்தது.

“இவள வச்சுக்கிட்டே பாடட்டுமா?”

ஹோகனுக்கு அவனுடைய மைக் மேல் உயிர். பிள்ளை எதையாவது இழுத்துத் தள்ளிவிடும் என்று முனகினான், ஆனாலும் கதவைத் திறந்துவிட்டான். நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்றேன். முதலில் வில்யா ஹெட்போன் வயரைச் சப்பினாள். பிறகு கெல்ஸியின் வாய்க்குள் விரலை விட்டாள். கெல்ஸி சிரித்துவிட்டு மறுபடியும் ஆரம்பித்தாள், மறுபடியும் ஆரம்பித்தாள். எத்தனையாவது தடவையோ, பல்லவி வருகிற நேரத்தில், கம்பளிக் காலணி போட்ட அந்தக் கால் அவள் வயிற்றில் போய்ப் பலமாக விழுந்தது.

‘ஹா.’

வலியும் அதில் இருந்தது, சிரிப்பும் இருந்தது. கெல்ஸி நிறுத்தவில்லை, பல்லவியை அடித்துப் பாடிக்கொண்டு போனாள். இந்தப் பக்கம் ஹோகன் மூக்கை உறிஞ்சினான், ஜலதோஷம் என்றான். உள்ளிருந்து உதைத்த அதே கால், இப்போது வெளியிலிருந்து உதைத்திருக்கிறது. அது போதும், அப்படியே வைத்துக்கொள்ளுங்கள் என்று முதலில் சொன்னவர் கம்பெனி ஆள்தான். அந்த மனிதருக்கும் நான் நன்றி சொல்ல வேண்டும், சொன்னேன்.

பாட்டு பிப்ரவரியில் வந்தது. அப்புறம் நடந்தது எல்லோருக்கும் தெரியும். பள்ளிக்கூட வாசலில், பஸ்ஸில், ஐஸ் சறுக்குமிடத்தில், எங்கே பார்த்தாலும் பெண் பிள்ளைகள் ‘ஹா’ என்றார்கள். இது அசிங்கம் என்று பத்திரிகைக்கு எழுதிய பெற்றோரும் உண்டு. எங்கள் கப்பலிலும் அதையே கேட்டார்கள். நான் வேலைக்குத் திரும்பியிருந்தேன், பாடினேன். பாடி முடித்ததும் பல்லுக்குக் கம்பி போட்ட ஒரு பெண் மேடையருகே வந்தாள். ஃபின்லாந்தில் துர்க்கூ ஊர்க்காரி.

“நல்லாத்தான் பாடுற. ஆனா அந்த ‘ஹா’ மட்டும் உனக்கு வரல. அது அவளுக்குத்தான் வரும்.”

பின்னால் ரோலண்ட் சிரிப்பை அடக்க முடியாமல் கிட்டாரின் மேல் குனிந்துகொண்டார்.

“சரியாச் சொன்ன,” என்றேன். “எனக்கு அது ஒரே ஒரு தடவதான் வந்துச்சு.”

அதிலிருந்து அந்த இடத்தில் நான் பாடுவதில்லை. மைக்கைக் கூட்டத்தின் பக்கம் நீட்டிவிடுவேன். மேடையின் ஓரத்தில், என் தோழியின் மடியில், காதுகளை மூடிக்கட்டிய வில்யா ஒன்றும் தெரியாமல் தூங்கிக்கொண்டிருப்பாள். அன்று நான் சொல்லிவிடு, சொல்லிவிடு என்று கெஞ்சினேன் அல்லவா. இப்போது முகம் தெரியாத அத்தனை பிள்ளைகளும் ஒரே மூச்சில் பதில் சொல்கிறார்கள், இருக்கிறாள் என்று.