பதினாலாம் படியில் பலவேசம்

அந்த மாதம் வீடியோ கேம் சந்தாதாரர்களுக்கு இலவசமாகக் கொடுத்த விளையாட்டு மூன்று. முதலாவது கார்ப் பந்தயம். இரண்டாவது நெருப்புக் கக்கும் பல்லியைக் கொல்வது. மூன்றாவது பலவேசம்.

பட்டியலைக் கிட்டங்கிக் கதவில் ஒட்டியிருந்தார்கள். தூத்துக்குடியில் கிட்டங்கி என்றால் சரக்கு அடுக்குகிற கட்டடம். பலவேசம் அங்கே இருபத்தாறு வருசமாக உளுந்து மூட்டை சுமக்கிறார். எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றுக்கொண்டது மூன்று வருசத்துக்கு முந்திதான். அதனால் பட்டியலை முடிக்க நேரம் பிடித்தது. தன் பேர் வந்த இடத்தில் விரலை எடுக்காமல் நின்றார்.

'மூட்டை: பலவேசத்தின் ஏற்றம். ஒருவர் ஆடும் ஆட்டம். சந்தாதாரர்கள் முப்பதாம் தேதி மாலை ஐந்து மணிக்குள் இலவசமாக எடுத்துக்கொள்ளலாம். எடுத்தவர்கள் சந்தா உள்ளவரை வைத்துக்கொள்ளலாம். அதன்பின் ஆட்டத்தில் எந்த மாற்றமும் செய்யப்படாது.'

"என்னைய எவன்வே எடுத்துக் குடுத்தான்?" என்று கேட்டார்.

மேஸ்திரி பக்கத்தில்தான் நின்றார். ஆனால் மேஸ்திரிக்கு இப்போது இரண்டு பேச்சுதான் விட்டுவைத்திருந்தார்கள். "சீக்கிரம் ஏறு" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "அடுத்த மூட்டை" என்றார்.

அன்று முதல் காலை எட்டு மணிக்கு, ஏதோ ஒரு ஊரில், ஏதோ ஒரு வீட்டில், யாரோ டிவி முன்னால் உட்கார்ந்து கன்ட்ரோலரைக் கையில் எடுப்பார்கள். இங்கே பலவேசத்தின் வலது கால் தானாக எழும்பும். அவருக்கு அது பிடிக்கவில்லை. அவர் எப்போதும் இடது காலைத்தான் முதலில் வைப்பார்.

பட்டியலுக்குக் கீழே விளையாட்டுக் குறிப்புகள் இருந்தன.

'ஒன்று: பலவேசத்துக்கு இரண்டு டீ கொடுத்தால் வேகம் கூடும். இரண்டு: மேஸ்திரி பார்க்கும்போது நிற்க வேண்டாம். மூன்று: வழியில் பீடிக்கட்டு கிடந்தால் எடுக்கவும், உயிர் கூடும்.'

"பீடி குடிச்சு எவனுக்குவே உயிர் கூடியிருக்கு?" என்றார் பலவேசம். "எங்கய்யா அதுலதான் போனாரு."

அதைக்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பார். ஆறாவது குறிப்பைத்தான் பொறுக்க முடியவில்லை.

'ஆறு: களைப்புக் கோடு சிவப்பானால், படியிலேயே மூட்டையை இறக்கி வைத்து இளைப்பாறவும்.'

ஒரு மூட்டை அறுபது கிலோ. கிட்டங்கியின் மாடிப்படி வெளிப்பக்கம், முற்றத்தைப் பார்த்து ஏறுகிறது. மொத்தம் இருபத்திரண்டு படி. தலையில் சும்மாட்டுத் துணியைச் சுருட்டி வைத்து, ஒரு ஆள் எதிரே நின்று மூட்டையின் இரண்டு மூலையைப் பிடித்துத் தூக்கிவிட வேண்டும். அதற்குக் கை கொடுப்பது என்று பேர். தலையில் ஏறியதை மேலே போய்த்தான் போட வேண்டும். நடுவில் இறக்கக் கூடாது. இறக்கினால் ஏற்றுவதற்கு மறுபடி ஒரு ஆள் வேண்டும். சுமக்கிற யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். குறிப்பு எழுதியவர் யாரையும் கேட்கவில்லை.

ஆட்டம் தொடங்கும்போதே மூட்டை தலையில் இருக்கும். பதினாலாம் படியில் களைப்புக் கோடு சிவப்பாகும். சந்தாதாரர்கள் குறிப்பை வாசித்தவர்கள். இறக்கி வைத்தார்கள்.

அதோடு சரி. பலவேசம் மூட்டைக்குப் பக்கத்தில் நின்றார். யாரோ வட்டப் பட்டனை அமுக்கினார்கள். அவர் குனிந்தார், நிமிர்ந்தார். மறுபடி அமுக்கினார்கள். மறுபடி குனிந்தார், நிமிர்ந்தார். சாயங்காலம் ஐந்து மணிக்கு ஆட்டத்தைச் சேமித்துவிட்டு வீட்டுக்கு விட்டார்கள். மறுநாள் காலை எட்டு மணிக்குப் பதினாலாம் படியிலிருந்தே வேலை தொடங்கியது.

இப்படி இருபத்தைந்து நாள்.

ஞானமுத்து முற்றத்தில் வட்டமாக நடந்துகொண்டிருந்தார். இருபத்திரண்டு வருசமாகப் பலவேசத்துக்குக் கை கொடுத்தவர் அவர்தான். ஒருவர் ஆடும் ஆட்டமாகிவிட்டதால் அவருக்கு உள்ளே இடம் இல்லை. போகச் சொல்லவும் இல்லை. தலைக்கு மேலே 'காத்திருக்கவும்' என்று வெளிச்ச எழுத்தில் போட்டுச் சுற்ற விட்டிருந்தார்கள். படிக்குப் பக்கமாக வரும்போது ஒரு பேச்சு பேசலாம். பதிலுக்கு அடுத்த சுற்று வரை பொறுக்க வேண்டும்.

"எறக்கிட்டீரா?" என்றார் ஞானமுத்து.

அவர் ஒரு சுற்று சுற்றி வந்தார்.

"நான் எறக்கலவே. எவனோ பட்டன அமுக்கிட்டான்," என்றார் பலவேசம்.

இன்னொரு சுற்று.

"நான் வந்து கை குடுக்கட்டா?"

இன்னொரு சுற்று.

"கேட்டுக்கிட்டா இருப்பீரு? வாருமே!"

இன்னொரு சுற்று.

"வட்டத்த விட்டுக் காலு எறங்க மாட்டேங்கு. சாப்பிட்டீரா?"

முப்பதாம் தேதி மத்தியானம் சண்முகவடிவு தூக்குச் சட்டியோடு பதினாலாம் படிக்கு வந்தாள். பலவேசத்தின் மனைவி. உப்பளத்தில் வேலை. காலில் உப்பு காய்ந்திருந்தது.

"ஊரே உம்மைய வச்சு வெளையாடுதாம்," என்றாள். "வீட்டுக் கூரையில ஒரு ஓடு மாத்தித் தாரும்னா உமக்கு நேரமில்ல."

"நானா போனேன்? ஓசியில குடுத்திருக்கானுவ."

"ஓசியிலயா?" அவள் தூக்குச் சட்டியை மூட்டை மேல் வைத்தாள். "எங்கய்யா ரெண்டு ஆடு குடுத்துல்லா உம்மையக் கட்டி வச்சாரு! நான் ஓசியில வாங்கல. இவனுவ யாரு ஓசியில குடுக்க?"

"மெதுவாப் பேசு. மேஸ்திரி நிக்காரு."

"நிக்கட்டும். இன்னைக்கு அஞ்சு மணிக்கு மேல எதையும் மாத்த மாட்டாவளாம். காலம் பூரா இந்தப் படியிலயே நிப்பீரா? போய்க் கேளும்!"

"சீக்கிரம் ஏறு," என்றார் மேஸ்திரி.

"வாய மூடும்!" என்றாள் சண்முகவடிவு.

அப்போது ஆடிக்கொண்டிருந்தவர் சாப்பிடப் போனார். எல்லாம் நின்றது. காக்கா பறந்த இடத்திலேயே நின்றது. சண்முகவடிவு விரலை நீட்டியபடி நின்றாள். ஞானமுத்து மட்டும் சுற்றிக்கொண்டிருந்தார். காத்திருப்பது நிற்காது போலிருக்கிறது. பலவேசம் கையை அசைத்துப் பார்த்தார். அசைந்தது. மீதி எட்டுப் படியையும் வெறுந்தலையோடு ஏறினார். கூச்சமாக இருந்தது.

மேலே உளுந்து அடுக்குகிற இடத்தில் சந்தா அலுவலகம் இருந்தது. நடுவில் ஒரு நீளமான வராந்தா. அவர் ஒரு எட்டு வைத்தால் அது இரண்டு எட்டு நீண்டது. பலவேசம் பின்பக்கமாக நடந்தார். உடனே வந்துவிட்டது.

மேசையில் ரோஸ்லின் என்ற அம்மா இருந்தார்.

"சந்தா நம்பர் சொல்லுங்க அண்ணாச்சி."

"எனக்குச் சந்தா கெடையாதும்மா. நாந்தான் ஆட்டம்."

"ஆட்டம் புகார் குடுக்க முடியாது. சந்தாதாரர்தான் குடுக்கலாம்."

"அவுக யாரும் குடுக்கலையா?"

"நெறையக் குடுத்திருக்காங்க." ரோஸ்லின் ஒரு கட்டுத் தாளைப் புரட்டினார். "நீங்க மெதுவா ஏறுறீங்களாம். மூச்சுச் சத்தம் ஜாஸ்தியாம். படியில நின்னுக்கிட்டு மொறைக்கிறீங்களாம். உங்களுக்கு ரெண்டரை நட்சத்திரம்."

"அந்த ரெண்டரைய அவனுவ தலையில அறுபது கிலோவோட ஏத்தி வையும்மா. மூச்சு எப்படி வருதுன்னு பாப்போம்."

"குரலை உயர்த்தாதீங்க. ஓசைய நாங்கதான் கூட்டுவோம், குறைப்போம்."

"ஆறாவது குறிப்பு தப்பும்மா. அதைத் திருத்துங்க. ஞானமுத்துவ உள்ள விடுங்க. வேற ஒண்ணும் வேண்டாம்."

"ரெண்டு பேரு ஆடுற ஆட்டத்துக்கு வேற சந்தா. குறிப்புன்னா அதை எழுதுற சாரைத்தான் கேக்கணும்."

அடுத்த அறையில் குறிப்பு எழுதுகிறவர் இருந்தார். வெள்ளைச் சட்டை. நாற்காலி இல்லை. ஒரு மூட்டை மேல் உட்கார்ந்திருந்தார். பலவேசம் முதலில் மூட்டையைத்தான் பார்த்தார். பார்த்ததும் தெரிந்துவிட்டது. பொரி மூட்டை.

"நீங்கதான் ஆறாவது குறிப்பு எழுதுனதா?"

"பத்தும் நான்தான்."

"எறக்குனா யாரு ஏத்துவா?"

"நீங்கதான். அதுக்கு ஏழாவது குறிப்பு இருக்கு. வட்டப் பட்டனை அமுக்கணும்."

"இருபத்தஞ்சு நாளா அமுக்குதாங்க! என் முதுகுல தெரியுது. நீங்க மூட்டை தூக்கியிருக்கீகளா?"

அவர் எழுந்து, பொரி மூட்டையை ஒரு கையால் தூக்கி, மறுபடி வைத்து உட்கார்ந்தார். "தூக்கலாமே," என்றார்.

பலவேசத்துக்கு வாயில் வந்தது வெளியே கேட்கவில்லை. ஓசையை அந்த நேரத்துக்குக் குறைத்துவிட்டார்கள்.

"குறிப்பைத் திருத்தணும்னா ஆட்டத்தை முடிச்சிருக்கணும்," என்றார் குறிப்பு எழுதுகிறவர். "இதுவரை யாரும் முடிக்கல."

"இருபத்தாறு வருசமா ஒரு நாளைக்கு அறுபது தடவை முடிச்சிருக்கேன்யா!"

"கன்ட்ரோலர்ல முடிச்சிருக்கணும்."

நாலரை மணி வரை காக்க வைத்து, ஒரு கன்ட்ரோலரைப் பலவேசத்தின் கையில் கொடுத்து டிவி முன்னால் உட்கார வைத்தார்கள். டிவியில் பதினாலாம் படி தெரிந்தது. மூட்டைக்குப் பக்கத்தில் பலவேசம் நின்றுகொண்டிருந்தார்.

பலவேசம் தன் முதுகை அதுவரை பார்த்ததில்லை. உச்சந்தலையில் மூட்டை உட்கார்கிற இடத்தில் முடி இல்லை. தோள் ஒருபக்கம் இறங்கியிருந்தது. சண்முகவடிவு இதை ஒரு நாளும் சொன்னதில்லை. அவர் ஒரு பட்டனையும் தொடவில்லை. தொட மனசு வரவில்லை.

கன்ட்ரோலரோடு எழுந்து வெளியே போனார். வயர் நீண்டுகொண்டே வந்தது. வராந்தா தாண்டி, எட்டுப் படி இறங்கி, பதினாலாம் படிக்கு வந்தார். சண்முகவடிவு இன்னும் விரலை நீட்டியபடி நிற்க, பக்கத்தில் பலவேசம் நின்றார்.

"வந்துட்டீரா?" என்றார் நின்றவர்.

"வந்துட்டேன்."

"கேட்டீரா?"

"கேட்டேன். பொரி மூட்டை மேல உக்காந்திருக்கான்வே."

"அப்படிச் சொல்லும். சரி, கை குடும்."

கன்ட்ரோலரை மடியில் செருகிக்கொண்டு, தூக்குச் சட்டியைப் படியில் வைத்துவிட்டு, பலவேசம் இரண்டு மூலையைப் பிடித்தார். ஒரே மூச்சு. மூட்டை நின்றவர் தலையில் ஏறியது. அவர் இடது காலை முதலில் வைத்தார். பதினைந்து, பதினாறு, இருபது, இருபத்திரண்டு. மேலே பொத்தென்று சத்தம் கேட்டது. எங்கிருந்தோ மேளம் அடித்தார்கள். 'ஆட்டம் முடிந்தது' என்று சுவரில் எழுத்து வந்தது. காக்கா மறுபடி பறந்தது; சண்முகவடிவு நீட்டிய விரலை மடக்கிச் சுவரோரம் ஒதுங்கினாள்.

ரோஸ்லின் பசை வாளியோடு இறங்கி வந்தார். சந்தோசமாக இருந்தார். "பாத்தீங்களா, முடியுது! குறிப்பைத் திருத்தியாச்சு அண்ணாச்சி." பதினாலாம் படியின் சுவரில் ஒரு தாளை ஒட்டினார்.

பலவேசம் விரல் வைத்து வாசித்தார்.

'ஆறு: பதினாலாம் படியில் மூட்டையை இறக்கி வைக்கவும். அங்கே ஒரு ஆள் நிற்பார். அவர் கை கொடுப்பார். அவருக்குக் களைப்புக் கோடு கிடையாது.'

"இந்த ஆளு யாரும்மா?"

"நீங்கதான்."

"ஞானமுத்து?"

"காத்திருக்காரே."

கீழே வாசலில் ஆட்கள் வரத் தொடங்கினார்கள். எல்லோரும் பலவேசம். எல்லோர் தலையிலும் மூட்டை. அவரை எடுத்துக்கொண்ட ஒவ்வொரு வீட்டிலிருந்தும் ஒரு பலவேசம். படியில் ஒருவர் பின் ஒருவராக ஏறினார்கள். வரிசை முற்றத்தைக் கடந்து, தெருவைக் கடந்து, துறைமுகம் வரை நின்றது. முதலாவது ஆள் பதினாலாம் படியில் மூட்டையை இறக்கினார்.

"கை குடும்வே," என்றார்.

"அண்ணாச்சி, அஞ்சு மணிக்குப் பத்து நிமிசம்தான் இருக்கு," என்றார் ரோஸ்லின். "சீக்கிரம் குடுங்க. அதுக்குப் பொறகு எப்படி இருக்கோ அப்படியேதான்."

"இப்பக் குடுத்தா பொறகும் நாந்தானே குடுத்துக்கிட்டு நிக்கணும்?"

"ஆமா. அதானே குறிப்பு."

பலவேசம் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டார். பிறகு ஒரு கையை மட்டும் எடுத்து, மூட்டைக்குக் குறி போடுகிற சுண்ணக்கட்டியை இடுப்பிலிருந்து உருவி, சுவரில் பெரிதாக எழுதினார்.

'ஞானமுத்து வரணும்.'

எழுதிவிட்டுக் கையை மறுபடி பின்னால் கட்டிக்கொண்டார்.

முதலாவது பலவேசம் வாசித்தார். அவருக்குப் பின்னால் நின்றவர் எட்டிப் பார்த்து வாசித்தார். எல்லோரும் மூன்று வருசத்துக்கு முந்திதான் எழுத்துக் கூட்டக் கற்றவர்கள். கொஞ்ச நேரம் ஆயிற்று. 'ஞா' என்ற எழுத்து வரிசையில் மெல்லக் கீழே இறங்கித் தெருவுக்குப் போனது. மற்ற எழுத்துகளும் ஒவ்வொன்றாகப் பின்னாலேயே போயின.

வாசித்து முடித்ததும் முதலாவது ஆள் தன் மூட்டை மேல் உட்கார்ந்தார். அடுத்தவர் இறக்கிவிட்டு உட்கார்ந்தார். அதற்கடுத்தவர் உட்கார்ந்தார். துறைமுகம் வரை உட்கார்ந்தார்கள்.

"என்ன செய்றீங்க? எந்திரிங்க!" ரோஸ்லின் கன்ட்ரோலரைத் தேடினார். அது பலவேசத்தின் மடியில் இருந்தது. "மேஸ்திரி! சொல்லுங்க!"

"சீக்கிரம் ஏறு," என்றார் மேஸ்திரி. யாரும் ஏறவில்லை. "அடுத்த மூட்டை," என்றார். யாரும் அசையவில்லை. மேஸ்திரிக்கு இருந்த இரண்டு பேச்சும் தீர்ந்துவிட்டது. பிறகு தனக்குக் கொடுக்காத ஒரு பேச்சைப் பேசினார்.

"அவனத்தான் உள்ள விட்டா என்ன?" என்றார்.

மணி ஐந்தாக இரண்டு நிமிசம் இருந்தது. முற்றத்தில் ஞானமுத்து பாதிச் சுற்றில் நின்றார். தலைக்கு மேலிருந்த எழுத்து அணைந்தது. அவர் ஒரு காலை வட்டத்துக்கு வெளியே வைத்துப் பார்த்தார். அடுத்த காலையும் வைத்தார். துண்டை உதறி இடுப்பில் கட்டிக்கொண்டார்.

"எதுவே மொதல்ல?" என்று கேட்டார். இந்த முறை பதிலுக்குச் சுற்றி வர வேண்டியிருக்கவில்லை.

"கடைசியிலருந்து வாரும், அவன்தான் ரொம்பக் காத்திருக்கணும்," என்றார் பலவேசம். "துறைமுகத்துல ஒருத்தன் உக்காந்திருப்பான். இடது கால மொதல்ல வைக்கச் சொல்லும்."