தம்பியின் கீச்சு

அக்கா எடுக்கும் படங்களில் கதை இருக்காது, ஆள் இருக்கமாட்டார், சில சமயம் வெறும் வெளிச்சம்தான் ஓடிக்கொண்டிருக்கும். பரிசோதனைப் படம் என்பாள். யாரைப் பரிசோதிக்கிறாய் என்று அவள் கணவர் ஒருமுறை கேட்டுவிட்டு நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டார். அப்படிப்பட்டவள் இந்த முறை ஆட்களை, அதுவும் உடன்பிறந்த தம்பியை வைத்துப் படம் எடுத்திருந்தாள். அவன் சரியென்று ஒரு வார்த்தை சொல்லவேண்டும். சொல்லாவிட்டால் படம் பெட்டிக்குள்தான்.

தம்பி வாரநாட்களில் லிப்ட் பழுதுபார்ப்பான். ஞாயிறு மதியம், மூடிக்கிடக்கும் சலவைக்கடைக்குக் கீழே இருக்கும் நிலவறையில் சின்தசைசர் என்ற மின்னிசைக் கருவியோடு தலை நிமிராமல் உட்கார்ந்துவிடுவான். பாட்டும் இல்லை, மெட்டும் இல்லை. டொம் டொம்மென்று தரை அதிரும், அதற்கே ஒரு கூட்டம் ஆடும். விளம்பரம் கிடையாது, ஒருவர் சொல்லி ஒருவர் வருவதுதான். முகத்தைப் படம்பிடிக்கக் கூடாது என்பது அங்கே சட்டம். அக்கா அதற்கெல்லாம் அசருகிறவளா? கால்களை எடுத்தாள், முதுகுகளை எடுத்தாள், கைகளை எடுத்தாள்.

கொஞ்ச நாளாக அவன் இசையில் ஒரு கீச்சு சேர்ந்திருந்தது. எவர்சில்வர் தட்டைக் கரண்டியால் கீறினால் உடம்பு கூசுமே, அந்த ரகம். கூட்டம் காதைப் பொத்திக்கொள்ளும், ஆனால் இடத்தைவிட்டு நகராது. என்ன துணிச்சல் என்று கொண்டாடித் தீர்த்தார்கள். கண்ணாடிக்காரர் என்று எல்லோரும் கூப்பிடும் ரசிகர் ஒருவர், இரைச்சலுக்கும் இசைக்கும் நடுவே இருந்த சுவரைத் தம்பி இடித்துவிட்டான் என்று வருவோர் போவோருக்கெல்லாம் விளக்கினார். அக்காவும் சொக்கித்தான் போனாள். படத்தின் நடுப்பகுதி முழுக்கக் காதைப் பொத்தும் கைகள்தான்.

வீட்டில் திரைச்சீலைகளை இழுத்துவிட்டு, சுவரில் படத்தை ஓடவிட்டாள். தொடக்கத்தில் தம்பி தலையாட்டி ரசித்தான். கைகள் வந்ததும் முகம் சுண்டிப்போனது.

"பிடிக்கலன்னா ஏன்க்கா வர்றாங்க?"

"யாருக்குடா பிடிக்கல?"

"எல்லாரும் காதைப் பொத்திக்கிட்டு நிக்கிறாங்களே."

"அது அந்தக் கீச்சுக்குடா. அதுக்காகத்தானே வர்றாங்க."

"எந்தக் கீச்சு?"

அறையே கிழிந்துபோகும்படி அது அப்போது ஒலித்துக்கொண்டிருந்தது. அக்காவுக்குப் பல் கூசியது. தம்பி அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அவள் படத்தை நிறுத்தினாள். அவன் தலையைக் குனிந்துகொண்டு சொன்னான். மேல் சுருதி கொஞ்சம் கொஞ்சமாக மங்கியதாம். கேட்கவில்லையே என்று கருவியின் குமிழைத் திருகிக் கூட்டிக்கொண்டே போனானாம். போன காது திரும்பாது, மிச்சத்தையாவது காப்பாற்று என்றாராம் டாக்டர். காது கேளாதவனின் தப்புக்குத்தானா இத்தனை கைதட்டல், இனி அங்கே எந்த முகத்தை வைத்துக்கொண்டு போவது, வாசித்தது போதும் என்றான்.

என்னிடம்கூடச் சொல்லவில்லையே என்று அக்கா அவனைத் திட்டித் தீர்த்தாள். பிறகு அவன் தலையை மடியில் போட்டுக்கொண்டு அழுதாள். படம் நாசமாய்ப் போகட்டும், இவன் வாசித்தால் போதும் என்றிருந்தது அவளுக்கு.

அடுத்த ஞாயிறு கேமராவைத் தொடவில்லை. தம்பியின் காதில் அடைப்பானை மாட்டி, கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். கீச்சு கிளம்பினால் கிள்ளுவேன், குறைத்துவிடு என்பது ஏற்பாடு. கிளம்பியது, கிள்ளினாள், குறைத்தான். இசை குளித்துத் தலைவாரி நின்றது. கூட்டம் ஆடாமல் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டது. கண்ணாடிக்காரர் கிட்டே வந்து, கீச்சு எங்கே என்று கேட்டார்.

தம்பி வாசிப்பதை நிறுத்தினான்.

"அது எனக்குக் கேக்காது சார். தெரியாம வச்சது."

கண்ணாடிக்காரர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அவன் காதருகே குனிந்து, "எங்களுக்குக் கேக்குதே. நீங்க வைங்க" என்றார்.

தம்பி அக்காவைப் பார்த்தான். மெதுவாகக் குமிழைத் திருப்பினான்.

"வருதாக்கா?"

"வருது."

"எப்படி இருக்கு?"

"கண்றாவியா இருக்குடா."

அவன் சிரித்துக்கொண்டே இன்னும் கொஞ்சம் கூட்டினான்.