தொண்ணூற்று நாலாவது நாள்

எதிர்வீட்டுத் தையல்காரருக்கு நஷ்டஈடு எவ்வளவு கிடைத்தது என்று எங்கள் தெருவில் ஆளுக்கொரு தொகை சொல்லிக்கொண்டிருந்தார்கள். தீர்ப்பைப் படித்தது நான் ஒருத்திதான். எட்டியெல்லாம் பார்க்கவில்லை. அவர் மனைவியின் கண்ணாடி உடைந்திருந்தது, படித்துச் சொல்லச் சொன்னாள், படித்தேன். இரண்டு முறை படித்தேன்.

சரக்கு வேன் இடித்து அவருடைய வலது கணுக்கால் நொறுங்கி இரண்டு வருஷமாகிறது. தப்பு வேன் ஓட்டியவன் மீதுதான் என்று தீர்ப்பாயம் ஒத்துக்கொண்டது. ஆஸ்பத்திரிச் செலவைக் கொடுத்தது. வருமான இழப்புக்கு மட்டும் கையை விரித்துவிட்டது. காரணம் ஏழாம் பக்கத்தில் இருந்தது: "தையல் கையால் செய்யப்படும் தொழில். காலில் ஏற்பட்ட ஊனம் அதைப் பாதிக்காது."

"இவங்க வீட்ல யாரும் மிஷினையே பார்த்ததில்லையா?" என்றார் தையல்காரர்.

மோட்டார் வைத்துக்கொள்ளுங்களேன் என்று அறிவுரை சொல்லப்போய் நான் வாங்கிக் கட்டிக்கொண்டேன். "மோட்டாருக்கும் கால்லதான் அமுக்கணும்க்கா. அமுக்குறது பெருசில்ல, எப்ப விடணும்னு காலுக்குத் தெரியணும். இது மரக்கட்டை."

தொண்ணூறு நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம் என்று வக்கீலம்மா சொல்லியிருந்தார். மனைவி காலண்டரில் வட்டம் போட்டு வைத்தாள். ஆனால் கெடு சொல்லியே தொழில் நடத்துகிற மனிதரிடம் கெடுவைப் பற்றிப் பேசி என்ன பயன்? என் மகன் வேலையில் சேரும் நாளுக்கென்று தைக்கக் கொடுத்த சட்டையை, அவன் முதல் சம்பளம் வாங்கிய பிறகுதான் போட்டுக்கொண்டான்.

"தொண்ணூறுன்னா நூறு வரைக்கும் தாங்கும்" என்று மனைவியைச் சமாதானப்படுத்தினார். "யாரும் அளவாவா வெட்டுவாங்க? உள்ள கொஞ்சம் மடிச்சு விட்டிருப்பாங்க."

தொண்ணூற்று நாலாவது நாள் கிளம்பினார்கள். துணைக்கு நானும் போனேன். யாரும் கூப்பிடவில்லை என்பது வேறு விஷயம்.

வக்கீலம்மா விரல்விட்டு எண்ணினார். "நாலு நாள் தாண்டிடுச்சே."

"நாலு நாள்தானே மேடம்."

"தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தனியா ஒரு மனு போடணும். அதைத் தள்ளிட்டாங்கன்னா உங்க அப்பீலை யாரும் பிரிச்சுக்கூடப் பார்க்க மாட்டாங்க. ஏழாம் பக்கம் அப்படியே நின்னுடும். சொல்லுங்க, ஏன் லேட்டு?"

தையல்காரர் தன் பையின் வாயை அவிழ்த்துக்கொண்டிருந்தார். உதவாமல் இருக்க எனக்கு மனசு வரவில்லை. "காய்ச்சல்னு எழுதிடுங்க மேடம். நானே பார்த்தேன்."

"டாக்டர் சீட்டு இருக்கா?"

நான் மின்விசிறியைப் பார்க்க ஆரம்பித்தேன்.

தையல்காரர் கையிலிருந்த பையை மேஜையில் கவிழ்த்தார். வெள்ளைச் சட்டைகள், பதிமூன்று. "வாரத்துக்கு ஒண்ணு. இடது காலால மிதிச்சுத் தச்சது. நான் சும்மா சாக்கு சொல்றேனோன்னு எனக்கே ஒரு சந்தேகம் மேடம். பழகினா வந்துடும்னா, எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டு அப்பீலுக்கு வர்றது? பதிமூணாவது நேரா வந்திருந்தா இங்க வந்திருக்கவே மாட்டேன்."

வக்கீலம்மா கடைசிச் சட்டையைத் தூக்கிப் பிடித்தார். காலர் ஓரமாகப் போன தையல், பாதி வழியில் யாரையோ பார்க்கப் போய்விட்டுத் திரும்பி வந்ததுபோல் இருந்தது. "வெளி ஆர்டர்னு சொன்னீங்களேங்க" என்றாள் மனைவி, மெதுவாக. அவர் மற்ற சட்டைகளை மடிக்க ஆரம்பித்தார். எதிர்வீட்டில் இருந்துகொண்டு எனக்கும் தெரியாமல் போனதை இன்றுவரை ஜீரணிக்க முடியவில்லை.

மனுவில் அதையே எழுதினார்கள். விசாரணையன்று இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் எழுந்து, காலக்கெடு எல்லோருக்கும் ஒன்றுதான் என்றார். நீதிபதி தையல்காரரைப் பார்த்தார்.

"தொண்ணூறு நாள்னு தெரியுமா?"

"தெரியும்யா."

"அப்புறம்?"

"கொஞ்சம் முன்ன பின்ன இருக்கும்னு நெனச்சுட்டேன்."

யாரோ சிரித்தார்கள். நானாகத்தான் இருக்கும். நீதிபதி இரண்டு சட்டைகளைப் புரட்டிப் பார்த்தார். "காரணம் அவ்வளவு பலமா இல்ல. ஆனா சோடிச்சதாவும் தெரியல" என்றார். தாமதம் மன்னிக்கப்பட்டது. தையலுக்குக் கால் வேண்டுமா வேண்டாமா என்பதை அடுத்த மாதம் முறையாகக் கேட்பார்களாம்.

வெளியே தாழ்வாரத்தில் கம்பெனி வக்கீல் எங்களைத் தாண்டிப் போனார். கறுப்புக் கோட்டின் அக்குளில் விரல் நுழையுமளவு தையல் விட்டிருந்தது. மனைவி விடவில்லை.

"சார், கோட்டைக் கழட்டிக் குடுத்துட்டுப் போங்க. கால் இல்லாமலே தைக்கலாம்னு வாதாடறீங்கல்ல? இவர் மிஷின்ல போட்டுத் தருவாரு, அதையே போட்டுக்கிட்டு அடுத்த மாசம் வாங்க."

அவர் கையை உடம்போடு ஒட்டிக்கொண்டார். தையல்காரர் தலையைச் சாய்த்து அந்த ஓட்டையைக் கொஞ்சநேரம் ஆராய்ந்தார்.

"இதுக்கு எதுக்கு மிஷினு? கை ஊசியே போது…"

நான் பெரிதாக இருமினேன். மனைவி அவர் முழங்கையைப் பிடித்துப் படிக்கட்டுப் பக்கம் திருப்பினாள்.