முதுகுப்பக்கம் இரண்டு

வில்லியனூர் வட்டாரத்தில் வாள்வீச்சைக் கணக்காய் அறிந்தவன் தான் ஒருவனே என்பது கல்லூரி மாணவன் உதுமானின் முடிவு. எண்பத்தாறில் பாரீசு மாமா கொண்டுவந்த பிரெஞ்சுப் புத்தகத்தைப் பார்த்து, இருபது முகப் பகடையை உருட்டி, ஆளுக்கொரு கற்பனை வீரனாகி அரக்கரோடு மோதும் ஆட்டம் அது. கட்டம் போட்ட தாளில் அவரவர் வீரனுக்கு அடையாளமாக ஆளுக்கொரு புளியங்கொட்டை. உதுமானின் வீரனுக்குப் பலத்தால் மூன்று, வாளால் இரண்டு, அனுபவத்தால் மூன்று. பகடையில் விழுவதோடு எட்டைக் கூட்டிக்கொள்ளலாம்.

அக்கா சபுரா எதிரியின் முதுகுப்பக்கம் போய் நின்று, அதற்கென்று இன்னும் இரண்டு கூட்டிக்கொள்வாள்.

"பின்னால நின்னு வெட்றது கோழி திருடுறவன் வேலை, அக்கா."

"அரக்கன் செத்தாப் போதும்டா. எந்தப் பக்கம் வெட்னேன்னு அவனா வந்து கேக்கப் போறான்?"

அன்று சபுராவின் வீராங்கனையே அரக்கனின் பிடியில் சிக்கிக்கொண்டாள். ஆட்டத்தை நடத்திய நண்பன் அரங்கநாதன் உதுமானிடம் சொன்னான்: "ஒரே வீச்சுதான்பா. மொத்தம் இருபது வரணும். தவறினா அக்கா ஆளு காலி."

சபுரா இரண்டு வருடமாக வளர்த்த ஆள்.

"இன்னாடா, உருட்டு" என்றான் அரங்கநாதன்.

உதுமான் பகடையைக் கீழே வைத்தான். தன் புளியங்கொட்டையை ஒற்றை விரலால் நகர்த்தி, அரக்கனின் முதுகுக்குப் பின்னால் நிறுத்தினான்.

"எட்டு இல்ல, பத்துன்னு எழுதிக்கோ" என்றான், யார் முகத்தையும் பார்க்காமல்.